அவுக வந்துட்டாக

அப்பளம் நொறுங்கவில்லை.

காளீஸ்வரன் அதைச் சோற்றின் மேல் வைத்து உள்ளங்கையால் அமுக்கினான். நனைந்த கைக்குட்டை மாதிரி மடிந்து அவன் விரல்களைச் சுற்றிக்கொண்டது. எண்ணெய் இன்னும் அடுப்பின் மேல் முனகிக்கொண்டிருந்தது. அதிலிருந்து இப்போதுதான் இறங்கிய அப்பளம் சில்லென்று இருந்தது. வெளியே ஆனி மாதத்து வெயில். சிவகாசி வெயில் என்றால் லேசுப்பட்டதில்லை. கொடியில் முதல் சேலையை விரித்துவிட்டு அடுத்ததை எடுக்கக் குனிந்து நிமிர்வதற்குள் முதல் சேலை தகரமாக விறைத்து நிற்கும். காக்கை ஒரு தெருவைக் கடப்பதற்குள் வழியில் எங்காவது இறங்கி இளைப்பாறிக்கொள்ளும். மழை என்பது வழி தப்பி வருகிற தூரத்து உறவு, வந்தாலும் உட்காராமல் கிளம்பிவிடும். அந்த வறட்சியை நம்பித்தான் ஊரே வெடியும் மத்தாப்பும் செய்து பிழைக்கிறது. அப்பேர்ப்பட்ட ஊரில், அப்பேர்ப்பட்ட வெயிலில், ஓர் அப்பளம் துவண்டு கிடந்தது.

ஒரு விள்ளல் பிய்த்து நாக்கில் வைத்தான். உப்பு. உளுந்து மாவில் போடுகிற உப்பு இல்லை. வெயிலே பட்டிராத ஏதோ ஓர் இடத்து உப்பு.

“மூஞ்சி எதுக்கு அப்படிக் கோணுது?” என்றாள் அவன் மனைவி அருணாதேவி, ரசச் சட்டியை டொக்கென்று இறக்கி. “அண்ணாச்சி வீட்டு விருந்துல தின்ன நாக்குக்கு நான் பொரிச்சது எறங்கலையோ?”

“அதுக்கில்ல அருணா.” அவன் அப்பளத்தைத் தூக்கிக் காட்டினான். அது தொங்கியது. “அவுக வந்துட்டாக.”

பட்டாசுத் தொழிலில் யாரும் ஈரத்தைப் பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. ‘நமுத்துப் போச்சு’ என்று ஒருத்தி வாய்தவறிச் சொல்லிவிட்டால் அன்றைக்குக் காயப்போட்ட சரம் அத்தனையும் புஸ்ஸென்று போய்விடும் என்று ஒரு பயம். அம்மை போட்ட வீட்டில் நோயின் பேரைச் சொல்லாமல் ‘ஆத்தா வந்திருக்கா’ என்பார்களே, அந்த மாதிரி இங்கே ஈரத்துக்கு மரியாதை. வெடி பிசுத்துப்போனால், ‘அவுக வந்துட்டாக’. அவ்வளவுதான். கேட்கிறவர்களுக்குப் புரிந்துவிடும். தொழிலில் பிறந்த நாக்குக்கு அப்பளமும் ஒன்றுதான், ஆட்டம்பாமும் ஒன்றுதான்.

“வரட்டும், நல்லா வரட்டும்,” என்றாள் அருணாதேவி. “நேரா உங்க அண்ணாச்சி குடோனுக்குப் போயி உக்காரச் சொல்லுங்க. அன்னைக்கே வந்திருந்தாகன்னா எந்தம்பி இருந்திருப்பான்.”

அவள் தம்பி பால்பாண்டி, தனுஷ்கோடி அண்ணாச்சியின் பட்டாசு யூனிட்டில் போர்மேனாக இருந்தவன். நாரணாபுரத்தைத் தாண்டிக் காட்டுக்குள் இருந்தது அந்த யூனிட். ஒரு மத்தியானம் அக்காவுக்குப் போன் பண்ணினான். “அக்கா, ஷெட்ல கால் வைக்க இடமில்ல. வெடிமருந்து அம்புட்டும் உள்ளயே கெடக்கு. வெளிய எடுக்கணும்னா, ஆர்டர் முடியட்டும்லேங்கறாக அண்ணாச்சி.” அது முடிந்து கொஞ்ச நேரத்தில் இங்கே வீட்டு ஜன்னல் கம்பி அதிர்ந்தது. போர்மேனின் கவனக்குறைவுதான் காரணம் என்று அண்ணாச்சி தரப்பில் கோர்ட்டில் சொன்னார்கள். செத்தவன் எழுந்து வந்தா மறுக்கப்போகிறான்? அவனோடு செத்தவர்களின் குடும்பங்கள் ஒவ்வொன்றாகச் சமரசத்துக்குப் போய்விட்டன. மிச்சம் இருந்தது அருணாதேவி ஒருத்தி. அந்தப் போன் பேச்சைக் கேட்டது அவள் காது ஒன்றுதான். வருகிற வியாழக்கிழமை அவள் கூண்டேறிச் சொன்னால் வழக்கு நிற்கும், சொல்லாவிட்டால் படுக்கும்.

அந்த வீட்டின் கூத்தே இதுதான்: காளீஸ்வரனின் அச்சகம் ஓடுவது அதே அண்ணாச்சியின் பட்டாசு லேபிளில். ஒரே கூரையின் கீழ் ஒருத்தி எரிந்துகொண்டிருந்தாள், ஒருத்தன் அந்த எரிச்சலில் வியர்த்துக்கொண்டிருந்தான். அருணாதேவியின் கோபத்துக்கு ஒயர் இழுத்து மாட்டியிருந்தால் திருத்தங்கல் வரைக்கும் தெருவிளக்கு எரிந்திருக்கும். காலையில் காப்பியோடு ஆரம்பிப்பாள். அண்ணாச்சியின் ஏழு தலைமுறைக்கும் வசவு வைத்திருந்தாள். எட்டாவதற்கும் முன்கூட்டியே யோசித்து வைத்திருந்தாள். பொழுது சாயும்போது தம்பி போட்டோவுக்கு முன்னால் விளக்கேற்றிவிட்டு, மீதியைப் புருஷனுக்கு எடுத்து வைப்பாள்.

இந்தச் சீசனுக்கு அண்ணாச்சி ஒரு புது ஆர்டர் தந்திருந்தார். “பிள்ளைக எல்லாம் செல்லுக்குள்ள தலையை விட்டுருச்சுக தம்பி. அதுகளை வெளிய இழுக்கிற மாதிரி ஒரு லோகத்தைப் படைச்சுக் குடுங்க.” காளீஸ்வரன் படைத்தான். கீழ்க்கடல் என்று பேர் வைத்தான். சூரியன் என்றால் என்னவென்றே கேள்விப்படாத கடல். அங்கே ஒவ்வோர் உயிரும் தன் நெருப்பைத் தானே சுமந்துகொண்டு திரியும். பூச்சட்டி டப்பாவுக்கு, வாயால் பொறி துப்பும் பூவிறால். தரைச்சக்கரத்துக்குச் சுழலாமை. ராக்கெட்டுக்கு ஊசிக்கோலா மீன். எல்லாம் கிடுகிடுவென்று வந்தன. கிஃப்ட் பாக்ஸ் மூடிக்கு ஒரு ராஜா வேண்டும் என்று உட்கார்ந்தபோது, பக்கத்து அறையிலிருந்து அருணாதேவியின் வசவு நிற்காமல் வந்துகொண்டிருந்தது. ‘இவ கொஞ்சம் அணைஞ்சா என்ன’ என்று நினைத்தான். நினைத்தபடியே வரைந்தான்.

கண் இல்லாத ஒரு முகம் வந்தது. கன்றை நக்குகிற பசுவின் முகம் மாதிரி, அத்தனை சாந்தம். வாய் திறந்திருந்தது. சாம்பல் நிறத்தில், மடிப்பு மடிப்பாக, நாக்கு. பெட்டிக்குப் பின்பக்கம் எழுதவேண்டியதையும் அவனே எழுதினான்: ‘கீழ்க்கடலில் ஒருவர் எரிவதை அருகில் இருப்பவரால் பொறுக்க முடியாதபோது இவரை அழைப்பார்கள். இவர் வந்து நக்கி அணைப்பார். கோபத்தால் அல்ல. பிரியத்தால்.’

“இதுக்கு என்ன பேரு வைக்கலாம் அருணா?” என்று கேட்டான்.

அவள் எட்டிப் பார்த்தாள். “எதைத் தொட்டாலும் பிசுபிசுன்னு ஆக்கிப்புடற சென்மமா? உங்களைத்தான வரைஞ்சு வச்சிருக்கீக? நமுத்தான்னு வைங்க.”

ரோசத்தில் அப்படியே வைத்துவிட்டான். அண்ணாச்சி திட்டுவார் என்று பார்த்தால், வயிறு குலுங்கச் சிரித்தார். “டெல்லிக்காரனுக்கு நமுத்தாவது கிமுத்தாவது! கெத்தா இருக்கு, விடுங்க. அது கெடக்கட்டும், வீட்ல கொஞ்சம் ஆறியிருக்காகளா?”

சிரிக்காதவர்கள் அச்சகத்து ஆட்கள்தான். மெஷின்மேன் கோட்டைச்சாமி அந்தப் பேரை வாயில் எடுக்கவே மாட்டேன் என்றான். மற்றவர்களும் அப்படியே. ஆனால் வேலை நடக்கவேண்டுமே? கட்டிங்கிலிருந்து ஒருவர் கத்துவார், “ஏப்பா, அவுக வந்துட்டாகளா?” மெஷின் இரைச்சலுக்கு மேலே கோட்டைச்சாமி குரல் கொடுப்பான், “வந்துட்டாக! நாலு கலரும் ஏறி வந்துட்டாக!” லேமினேஷனில் ஒரு பெண், “இங்கனயும் வந்துட்டாக!” அந்த வாரம் பூராவும் கூரை அதிர அதே கூப்பாடு. வந்துட்டாகளா, வந்துட்டாக. வந்துட்டாகளா, வந்துட்டாக. கோயில் கொடை விழாவுக்குச் சாமி அழைத்தால்கூட அத்தனை தடவை அழைக்கமாட்டார்கள்.

அப்பளத்துக்குப் பிறகு தீப்பெட்டி.

சிவகாசியில் ஒரு வீட்டில் தீக்குச்சி பற்றவில்லை என்று வெளியே தெரிந்தால் அந்த வீட்டில் பெண் எடுக்கமாட்டார்கள். அருணாதேவி போட்டோவுக்கு முன்னால் உட்கார்ந்து குச்சியை உரசினாள். மருந்துத் தலை சேறாக வழிந்தது. அடுத்த குச்சி. அடுத்தது. அடுப்பிலிருந்து நெருப்பெடுத்து வந்து திரியைப் பற்றவைத்துவிட்டுத் திரும்பினாள். பின்னால், நாற்காலியில் இருந்த காளீஸ்வரன் பார்த்துக்கொண்டுதான் இருந்தான். காற்று இல்லை. சுடர் ஆடவில்லை. யாரோ தலையைத் தடவிப் படுக்கவைத்ததுபோல மெல்லச் சாய்ந்து படுத்துக்கொண்டது.

சளப்.

திரியைத் தொட்டுப் பார்த்தான். சில்லிட்டிருந்தது. விரலை எடுத்தபோது ஒரு நூல் கூடவே நீண்டு வந்தது. எண்ணெய் அப்படி நீளாது.

“எந்தச் சண்டாளன் ஊதி அணைச்சது?” என்று திரும்பி வந்த அருணாதேவி மறுபடி ஏற்றினாள். மறுபடி படுத்தது. மறுபடி ஏற்றினாள். அன்றைக்கு அவளுக்கும் கண்ணுக்குத் தெரியாத அதற்கும் நடந்த மல்லுக்கட்டில் அவள்தான் ஜெயித்தாள். விளக்கு எரிந்தது. ஆனால் மூச்சு வாங்க எழுந்தவளின் முந்தானை நுனி ஈரமாக இருந்தது.

மறுநாள் மத்தியானம் அவன் சாப்பிட வந்தபோது வீடு அமைதியாக இருந்தது. உள்ளறையிலிருந்து மட்டும் ஒரு சத்தம். மாட்டுத் தொழுவத்தில் கேட்கிற சத்தம். ஈன்ற பசு கன்றைச் சுத்தம் செய்கிறபோது வருமே, அவசரமில்லாத, அகலமான, ஈரமான இழுப்பு. அதன் நடுவே நீண்ட மூச்சு. மூடிவைத்த கடற்சங்குக்குள்ளிருந்து வருகிற மாதிரி ஒரு நெடி. கதவை அவன் முழுதாகத் திறக்கவில்லை. இடுக்கு வழியாகப் பார்த்தான். பாயில் அருணாதேவி தூங்கிக்கொண்டிருந்தாள். தனியாகத்தான். ஒரு பக்கத்துத் தலைமுடி மட்டும் தாடையிலிருந்து நெற்றிவரைக்கும் மேல்நோக்கிப் படிந்து, வாரிவிட்டதுபோல ஒட்டியிருந்தது. கழுத்து பளபளத்தது.

வியர்வை என்று முடிவு செய்துகொண்டான். மத்தியான வெயில், வியர்க்கத்தானே செய்யும்?

சாயங்காலம் அவள் வழக்கம்போல ஆரம்பித்தாள். “உங்க அண்ணாச்சி ஒரு...” நின்றாள். “அது என்னங்க... உங்க அண்ணாச்சி ஒரு...” கையில் கரண்டியோடு சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். எதையோ எங்கேயோ வைத்துவிட்டுத் தேடுகிற முகம். “வாயில வரமாட்டேங்குதுங்க.”

காளீஸ்வரனுக்குச் சந்தோஷம். ஆமாம், சந்தோஷம்தான். கூட ரெண்டு தோசை சாப்பிட்டான். வீட்டுக்குள் முதல்தடவையாக மின்விசிறியின் சத்தம் காதில் விழுந்தது. அவ்வளவு அழகான சத்தமா என்று வியந்தான். அண்ணாச்சியைப் பார்த்தபோது தானாகவே சொன்னான், “கொஞ்சம் ஆறிட்டா அண்ணாச்சி.”

“ஆறட்டும் தம்பி. வியாழக்கிழமைக்குள்ள நல்லா ஆறட்டும்,” என்றார் அவர், இவன் தோளைத் தட்டி.

புதன்கிழமை பொழுது சாய்கிற நேரத்தில் வீட்டுக்குத் திரும்பினான். போட்டோவுக்கு முன்னால் விளக்கு இல்லை. அருணாதேவி தரையில் உட்கார்ந்திருந்தாள், கைகளை மடியில் போட்டுக்கொண்டு. ஜாக்கெட்டின் முதுகு பூராவும் ஈரம்.

“விளக்கு ஏத்தலையா?”

“எதுக்குங்க?”

“நாளைக்குக் கோர்ட்டு இருக்கே அருணா.”

“வெயிலா இருக்குமே.” அவள் சிரித்தாள். இத்தனை வருஷத்தில் அவன் பார்த்திராத சிரிப்பு, ஓரமெல்லாம் கூழாகிப்போன சிரிப்பு. “போயி என்னத்தைச் சொல்ல?”

“பால்பாண்டி போன் பண்ணுனானே! ஷெட்ல மருந்து கெடக்குன்னு சொன்னானே!”

“போன் பண்ணுனானா?”

அவன் குனிந்து அவள் கையைப் பிடித்தான். கழுவிவிட்ட ஆட்டுக்கல் மாதிரி சில்லென்று இருந்தது. வேண்டுமென்றே, பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னான், “உன் தம்பி பீடியைப் பத்தவச்சுக்கிட்டே மருந்து அள்ளுனானாம். அண்ணாச்சி சொல்றாக. அவன் திமிருலதான் அம்புட்டுப் பேரும் செத்தாகளாம்.”

போன வாரம் இதைச் சொல்லியிருந்தால் கரண்டி அவன் மண்டையில் இறங்கியிருக்கும். அதற்காகத் தலையைத் தயாராகத்தான் வைத்திருந்தான். அடிக்கட்டும் என்று கண்ணை மூடிக்கொண்டான்.

“இருக்கும்ங்க,” என்றாள் அவள். “சரிங்க.”

அவன் அச்சகத்துக்குப் போன் போட்டான். “கோட்டைச்சாமி, அந்த லேபிளை அனுப்பாத. அம்புட்டையும் நிறுத்து.”

“அவுக காலையிலயே லோடு ஏறிட்டாகளே மொதலாளி. இந்நேரம் மதுரை தாண்டியிருப்பாக.”

“இனிமே ஒருத்தரும் வந்துட்டாகன்னு சொல்லக்கூடாது, கேட்டியா? போயிட்டாகன்னு சொல்லுங்க. எல்லாரையும் சத்தமாச் சொல்லச் சொல்லு!”

“நல்லாருக்கே! மரியாதைப்பட்டவுகளைப் போயிட்டாகன்னா இழவு சொல்ற மாதிரி ஆகிப்போகாதா?” கோட்டைச்சாமி சிரித்தான். “வெயில்ல அலைஞ்சீகளோ? மோர் குடிச்சிட்டுப் படுங்க மொதலாளி.”

போன் கையில் பிசுபிசுத்தது. திரை மங்கி அணைந்தது.

தெருவில் கரண்ட் போனது. மின்விசிறி நின்றது. ஜன்னலில் மிச்சமிருந்த செம்மஞ்சள் வெளிச்சம் சுவரில் ஏறி, சுண்ணாம்பில் ஊறி, கறுத்தது. சங்கின் நெடி. இந்தத் தடவை மெல்லியதாக இல்லை. நாக்கின் அடியில் உப்பு ஊறுகிற மாதிரி, காதுக்குள் தண்ணீர் அடைத்த மாதிரி, ஒரு கனம். அடுக்களைப் பக்கம் பாத்திரங்கள் ஒன்றோடொன்று மெதுவாக உரசின. எதுவோ அவற்றைத் தள்ளாமல், நாசூக்காக, இடம் விட்டு இடம் விட்டு வந்துகொண்டிருந்தது.

சளப்.

அடுக்களை வாசலில் இருட்டு இருந்தது. வாசலைவிட அது அகலம். நிலைக்கட்டையின் இரண்டு பக்கமும் பிதுங்கிக்கொண்டு நின்றது.

முகம்.

அவன் வரைந்த முகம். கண் இல்லை. கோபம் இல்லை. மடிப்பு மடிப்பாக நாக்கு இறங்கி, தரையோடு வந்து, அருணாதேவியின் கழுத்தைத் தொட்டது. அவள் தலையைச் சாய்த்து வாகாக இடம் கொடுத்தாள்.

அவன் முட்டி போட்டு உட்கார்ந்தான்.

கைகள் தாமாகக் கும்பிட்டன. “போதும்,” என்றான். “தெரியாமக் கூப்பிட்டுட்டேன் சாமி. இவ எரியட்டும். இவ இப்படியே எரிஞ்சுக்கிட்டு இருக்கட்டும். போதும்.”

நாக்கு நின்றது. முகம் அவன் பக்கம் திரும்பியது. கேட்டது. பந்தி முடிந்து விடைபெற நிற்கிற விருந்தாளி மாதிரி, அவன் விடை கொடுப்பதற்காகப் பணிவாகக் காத்திருந்தது. காளீஸ்வரனின் தகப்பனும் பாட்டனும் வாசல்வரை வந்து சொன்னதை, பிறந்ததிலிருந்து அவன் வாய் சொல்லிப் பழகியதை, அந்த வாயே சொன்னது.

“போயிட்டு வாங்க.”

நாக்கு சுருண்டது. முகம் இருட்டுக்குள் பின்வாங்கியது. கொல்லைக் கதவு கிறீச்சிட்டது. பிறகு ஓர் இழுவை. ஈர மூட்டையைத் தரையில் இழுக்கிற சத்தம், அடுக்களையிலிருந்து கொல்லைக்கு, கொல்லையிலிருந்து வெளியே. போய்க்கொண்டே இருந்தது.

அருணாதேவி இருமினாள். மறுபடி இருமினாள். அவன் மறுபடி பிடித்த அவள் கையில் சூடு ஊர்ந்து வந்தது.

“சண்டாளன்,” என்றாள்.

“அருணா!”

“கொலைகாரச் சண்டாளன் உங்க அண்ணாச்சி. கட்டையில போறவன். எந்தம்பி மேலயா பழி போடுதான்?” கண் ரெண்டும் தணலாக இருந்தன. காளீஸ்வரன் அழுதுகொண்டே சிரித்தான். சொல்லு, இன்னும் சொல்லு என்று அவள் கையை உலுக்கினான். “நாளைக்குச் சொல்றேன். கோர்ட்டுல வச்சுச் சொல்றேன். போன்ல அவன் சொன்னதை ஒரு எழுத்து விடாம...”

நின்றாள். கொல்லைப் பக்கம் காதைக் கொடுத்தாள்.

“இப்ப அதுகிட்ட என்ன சொல்லி அனுப்புனீக?”

அவன் வாயைத் திறந்தான். போயிட்டு. அடுத்த சொல் வரவில்லை. அடுத்த சொல் என்னவென்று அவனுக்குத் தெரிந்தது.

அடுக்களையில் இழுவை இன்னும் முடியவில்லை. வால் இன்னும் கொல்லை வாசற்படியைத் தாண்டிக்கொண்டிருந்தது. அதற்குள் தெருக் கதவு திறந்தது. தலை திரும்பி வந்துவிட்டிருந்தது.

அருணாதேவி அந்த முகத்தைப் பார்த்தாள். பிறகு புருஷனைப் பார்த்தாள். நிதானமாக, அவனை மட்டும்.

“கூப்பிட்டது நீயாலே?” என்றாள்.

நாக்கு அவள் தாடையில் தொடங்கி நெற்றிவரை போர்த்தி, அப்படியே படிந்து நின்றது. அந்தச் சாம்பல் நிறத் தோலுக்கு அடியில், ஈரத் துணியின் கீழ் தெரிகிற மாதிரி, திறந்திருந்த கண்கள் தெரிந்தன. அவனைத்தான் பார்த்தன. உதடுகள் அசைந்துகொண்டிருந்தன. ஒவ்வொரு வசவின் வடிவமும் அவனுக்குத் தெளிவாகத் தெரிந்தது. வேகமாக. பிறகு மெதுவாக. இன்னும் மெதுவாக. பிறகு அந்த உதடுகளின் இரண்டு ஓரமும், தோலுக்கு அடியில், மெல்ல மேலே ஏறின.